காதில் சீழ் வடிதல் வயதோடு மாறும் நோயல்ல: செவிப்பறை குறித்து அறிய வேண்டியவை

கண்ணிலே சிறு தூசு விழுந்தாலும் பதறிப்போய் வைத்தியரை நாடுகின்ற எமது சமூகம், காது விடயத்தில் அத்தகைய அவசரத்தைக் காட்டுவதில்லை. பிள்ளையின் காதிலிருந்து சீழ் வடிந்தால் 'வளர வளர மாறிவிடும்' என்கின்றோம். முதியவர் இரண்டு தடவை 'என்ன?' என்று கேட்டால் 'வயதாகிவிட்டது' என்று கூறி விடயத்தை முடித்துவிடுகின்றோம். ஒரு காது திடீரென அடைத்துக்கொண்டால் சிறிது எண்ணெயைச் சூடாக்கி ஊற்றிவிட்டு ஒரு வாரம் காத்திருக்கின்றோம். இம்மூன்று சந்தர்ப்பங்களிலும் இழக்கப்படுவது காலமாகும். காது நோய்களைப் பொறுத்தவரை, இழந்த காலத்துடன் சேர்ந்து செவிப்புலனும் இழக்கப்படக்கூடும் என்பதே பலரும் அறியாத உண்மையாகும்.

உலக சுகாதார நிறுவனம் 2021ஆம் ஆண்டில் வெளியிட்ட செவிப்புலன் தொடர்பான உலக அறிக்கையின்படி, உலகில் 150 கோடிக்கும் அதிகமானோர் ஏதோவோர் அளவில் கேட்டல் குறைபாட்டுடன் வாழ்கின்றனர். அவர்களுள் 43 கோடிப் பேருக்குச் சிகிச்சையோ புனர்வாழ்வுச் சேவையோ அவசியமாகின்றது. பிள்ளைகளிடம் காணப்படும் கேட்டல் குறைபாட்டில் ஏறத்தாழ 60 சதவீதம் தடுக்கப்படக்கூடிய காரணங்களால் ஏற்படுவது என்பதையும் அதே நிறுவனம் சுட்டிக்காட்டியுள்ளது. தடுக்கப்படக்கூடிய அக்காரணங்களுள் முக்கியமான ஒன்று செவிப்பறையையும் நடுச்செவியையும் தாக்கும் கிருமித்தொற்றாகும்.

செவிப்பறையின் தொழில்

காதின் துவாரத்திலிருந்து உள்ளே செல்லும் குழாயின் முடிவில், அதனை முற்றாக மூடியவாறு அமைந்திருக்கும் மெல்லிய சவ்வே செவிப்பறையாகும். இதன் விட்டம் ஏறத்தாழ 8 முதல் 10 மில்லிமீற்றர். தடிப்போ ஒரு மில்லிமீற்றரின் பத்தில் ஒரு பங்கு மாத்திரமே. ஒலியலைகள் வந்து மோதும்போது பறையின் தோலைப் போன்று இச்சவ்வு அதிர்கின்றது. அவ்வதிர்வை அதன் பின்னால் உள்ள நடுச்செவியின் மூன்று சிற்றென்புகள் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குக் கடத்தி உட்செவிக்கு வழங்குகின்றன. சம்மட்டி, பட்டடை, ஏந்தி ஆகியவற்றின் உருவங்களை ஒத்திருப்பதால் அவ்வாறே பெயர்பெற்ற இவற்றுள், ஏந்தியுருவே மனித உடலின் மிகச் சிறிய என்பாகும். உட்செவியிலுள்ள நத்தைச்சுருள் அவ்வதிர்வை நரம்புக் கணத்தாக்கமாக மாற்றி மூளைக்கு அனுப்புகின்றது.

செவிப்பறைக்கு இரண்டு பணிகள் உள்ளன. ஒலியைக் கடத்துவது முதலாவது. வெளியிலுள்ள நீரும் அழுக்கும் கிருமிகளும் நடுச்செவியை அடையாது தடுப்பது இரண்டாவது. ஆகவே செவிப்பறையில் துளை விழுமாயின் கேட்கும் திறன் குறைவதோடு, கிருமிகளுக்கான வாசலும் திறந்துவிடப்படுகின்றது.

செவிப்பறை சீராக அதிர வேண்டுமாயின் அதன் இரு பக்கங்களிலும் வளியமுக்கம் சமமாக இருத்தல் வேண்டும். நடுச்செவியையும் தொண்டையின் மேற்பகுதியையும் இணைக்கும் ஊத்தேக்கியாவின் குழாய் இப்பணியைச் செய்கின்றது. நாம் விழுங்கும்போதும் கொட்டாவி விடும்போதும் அது ஒரு கணம் திறந்து மூடுகின்றது. செவிப்பறையின் நோய்களுட் பெரும்பாலானவை இக்குழாயின் அடைப்பிலிருந்தே ஆரம்பிக்கின்றன.

தடிமனைத் தொடரும் காதுவலி

சிறு பிள்ளைகளில் இக்குழாய் குறுகியதாகவும் கிடையாகவும் இருப்பதால், தடிமன் பிடித்த ஓரிரு நாட்களில் மூக்கிலும் தொண்டையிலும் உள்ள கிருமிகள் இலகுவாக நடுச்செவியை அடைந்துவிடுகின்றன. அங்கு சீழ் சேர்ந்து செவிப்பறையை வெளிப்புறமாகத் தள்ளும்போது கடும் வலி உண்டாகின்றது. பேசத் தெரியாத குழந்தை காய்ச்சலுடன் இரவு முழுவதும் அழும். காதைப் பிடித்து இழுக்கும். பால் குடிக்க மறுக்கும். சில வேளைகளில் அமுக்கம் தாங்காது செவிப்பறை கிழிந்து சீழ் வெளியேறும். அத்துடன் வலி தணிந்து குழந்தை உறங்கிவிடுவதால், நோய் குணமாகிவிட்டதெனப் பெற்றோர் ஆறுதல் அடைகின்றனர். உண்மையில் வைத்தியரிடம் கட்டாயமாகக் காட்ட வேண்டிய தருணம் அதுவேயாகும்.

இத்தகைய தொற்றுகள் அனைத்திற்கும் நுண்ணுயிர்க்கொல்லி மருந்து தேவைப்படுவதில்லை. பல பிள்ளைகளுக்கு வலிநிவாரணியுடன் இரண்டு மூன்று நாட்களில் குணம் கிடைக்கும். ஆயினும் 6 மாதத்திற்குக் குறைந்த குழந்தைகள், இரு காதுகளிலும் தொற்றுள்ள இரண்டு வயதுக்குட்பட்ட பிள்ளைகள், கடுங்காய்ச்சல் உள்ளவர்கள், காதிலிருந்து சீழ் வடிபவர்கள் ஆகியோர் விடயத்தில் வைத்தியரின் தீர்மானம் அவசியமானது. வலிக்குப் பரசிட்டமோல் மருந்தை உடல் நிறைக்கேற்ற அளவில் கொடுக்கலாம். பிள்ளைகளுக்கு அஸ்பிரின் கொடுக்கலாகாது. அயல்வீட்டுப் பிள்ளைக்குக் கொடுத்து எஞ்சிய மருந்தை வாங்கிக் கொடுப்பதும், இரண்டு நாட்களில் சுகமானதும் மருந்தை இடைநிறுத்துவதும் கைவிடப்பட வேண்டிய பழக்கங்களாகும்.

தாய்ப்பால் அருந்தும் குழந்தைகளுக்கு இத்தொற்று ஏற்படும் வாய்ப்புக் குறைவு. மல்லாந்து படுத்த நிலையில் புட்டிப்பால் அருந்துவதும், வீட்டிலுள்ளோர் சிகரெட் புகைப்பதும் அவ்வாய்ப்பைக் கூட்டுகின்றன.

வலியற்ற குறைபாடு

வலியும் காய்ச்சலும் நீங்கிய பின்னரும் செவிப்பறைக்குப் பின்னால் பசை போன்ற திரவம் தேங்கி நிற்பதுண்டு. இதில் நோவில்லை, சீழில்லை, காய்ச்சலில்லை. கேட்டல் மாத்திரமே குறைகின்றது. நீருக்கடியில் இருந்துகொண்டு பிறர் பேசுவதைக் கேட்பது போன்றதொரு நிலை என இதனை விளங்கிக்கொள்ளலாம்.

தனக்குக் கேட்கவில்லை என்று எந்தப் பிள்ளையும் முறையிடுவதில்லை. உலகமே அவ்வளவு சத்தத்தில்தான் இருக்கின்றதென்று அது எண்ணிக்கொள்கின்றது. தொலைக்காட்சியின் சத்தத்தைக் கூட்டுவது, பின்னாலிருந்து அழைத்தால் திரும்பாதிருப்பது, சொல்வதெழுதலில் எழுத்துகளை மாற்றி எழுதுவது, வகுப்பில் ஒதுங்கியிருப்பது ஆகியனவே அறிகுறிகள். வீட்டில் 'சொற்கேளாதவன்' என்றும், வகுப்பில் 'கவனமில்லாதவன்' என்றும் பெயர் வாங்கும் பிள்ளைகளுள் சிலர் உண்மையில் காது கேளாதவர்களாய் இருக்கக்கூடும். ஏச்சுக்கும் அடிக்கும் முன்னர் காதைப் பரிசோதிப்பதே நியாயமாகும்.

பெரும்பாலான பிள்ளைகளில் இத்திரவம் 3 மாதங்களுக்குள் தானாகவே வற்றிவிடுகின்றது. அதற்கு மேலும் நீடித்து, கேட்டலையும் பேச்சையும் பாதிக்குமாயின், செவிப்பறையில் சிறு துளையிட்டு 'குரோமெட்' எனப்படும் நுண்குழாயொன்றைப் பொருத்துவர். பெரும்பாலும் ஓராண்டு அளவில் அக்குழாய் தானாகவே வெளியே விழுந்துவிடும்.

வளர்ந்தோரில் ஒரு காதில் மாத்திரம் இத்தகைய திரவம் தேங்கி, பல வாரங்களாக நீங்காதிருப்பின், மூக்கின் பின்புறமாகக் கட்டி ஏதும் உள்ளதா எனப் பார்த்தல் அவசியம். அதேபோன்று, செவிப்பறை நன்றாக இருக்கும்போது காதுவலி தொடருமாயின் வாயையும் தொண்டையையும் பரிசோதித்தல் வேண்டும். இலங்கை ஆண்களிடம் மிகுந்து காணப்படும் புற்றுநோய் வாய்ப்புற்றுநோயாகும். வாயிலும் தொண்டையிலும் தோன்றும் புற்று, நரம்புத் தொடர்பின் காரணமாகக் காதுவலியாக வெளிப்படுவதுண்டு. வெற்றிலை, பாக்கு, புகையிலைப் பழக்கமுள்ளோர் இதனைப் பாரதூரமாகக் கருத வேண்டும்.

கிழிந்த செவிப்பறை

நோயினால் மாத்திரமன்றி அடியினாலும் செவிப்பறை கிழிகின்றது. கன்னத்தில் ஓங்கி அறையும்போது உள்ளங்கை காதின் வாயிலை மூடிக்கொள்வதால், குழாயினுள் அகப்பட்ட வளி திடீரென அழுத்தப்பட்டுச் செவிப்பறையைப் பிளக்கின்றது. பெரும்பாலானோர் வலக்கையால் அடிப்பதால் இடக்காதே பெரிதும் பாதிக்கப்படுகின்றது. வீடுகளிலும் பாடசாலைகளிலும் மதரசாக்களிலும் 'ஓர் அறைதானே' என்று இலேசாகக் கருதப்படும் செயல் ஒரு பிள்ளையின் செவிப்புலனைப் பறிக்க வல்லது.

இது வெறும் அறிவுரை அல்ல. ஆசிரியர் ஒருவர் அறைந்ததால் செவிப்புலன் பாதிக்கப்பட்ட பாடசாலை மாணவர் ஒருவர் தொடர்பான அடிப்படை உரிமை மீறல் வழக்கில், 2021 பெப்ரவரியில் எமது உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கொடூரமானதும் இழிவானதுமான நடத்துகைக்கு எதிராக அரசியலமைப்பின் 11ஆம் உறுப்புரை வழங்கும் பாதுகாப்பு அம்மாணவருக்கு மறுக்கப்பட்டதாகக் கண்ட நீதிமன்றம், நட்டஈடு வழங்குமாறும் பணித்தது. குடும்ப வன்முறைக்கு உள்ளாகும் பெண்களுக்கும் இவ்வாறே செவிப்பறை கிழிகின்றது. காயம் வெளியே தெரியாது என்பதால் அவர்கள் வைத்தியசாலைக்குச் செல்லாதிருத்தல் கூடாது.

வெடிப்பதிர்வின்போது மனித உடலில் முதலிற் பாதிக்கப்படும் உறுப்புகளுள் ஒன்று செவிப்பறையாகும். 2009 மே மாதத்தில் முடிவுற்ற யுத்தத்தின்போது எறிகணைகளுக்கும் குண்டுகளுக்கும் மத்தியில் வாழ்ந்தோருள், அன்று தொடக்கம் ஒரு காது மந்தமாகவே உள்ளது என்று கூறுவோர் இன்றும் இருக்கின்றனர். உயிர் தப்பியதே பெரிதென எண்ணிய காலத்தில் காதைப் பற்றிச் சிந்திக்க அவகாசம் இருந்திருக்காது. ஆனால் இத்தனை ஆண்டுகள் கடந்த பின்னரும் துளையுள்ள செவிப்பறையைச் சத்திரசிகிச்சை மூலம் மூட முடியும் என்பதும், நரம்பு பாதிக்கப்பட்டிருப்பின் கேட்டற்கருவி உதவக்கூடும் என்பதும் அவர்களுக்கு எடுத்துரைக்கப்பட வேண்டும்.

அடியினால் ஏற்படும் சிறு கிழிசல்களுட் பெரும்பாலானவை இரண்டு மூன்று மாதங்களுக்குள் தாமாகவே ஆறிவிடுகின்றன. அதுவரை காதினுள் நீர் செல்லாது பாதுகாப்பதே முதன்மையான சிகிச்சையாகும். குளிக்கும்போது வசிலின் பூசிய பஞ்சைக் காதின் வாயிலில் வைத்துக்கொள்ளலாம். கடலிலும் குளத்திலும் கேணியிலும் மூழ்குதல் ஆகாது. மூக்கைப் பலமாகச் சிந்துதலும் கூடாது. வைத்தியர் எழுதித் தராத சொட்டு மருந்தை விடலாகாது. துளையுள்ள காதில் சில மருந்துகள் உட்செவியைச் சேதப்படுத்தக்கூடும். ஆறாத துளைகளை, காதின் மேலுள்ள தசையின் மெல்லிய உறையையோ காதுக் கசியிழையத்தையோ எடுத்து ஒட்டி மூடுகின்றனர்.

நாட்பட்ட சீழ்

இரண்டு வாரங்களுக்கு மேல் காதில் சீழ் வடிந்தால் அதனை நாட்பட்ட நோயாகவே கருதி நிபுணரிடம் காட்ட வேண்டும். இதில் இரு வகை உண்டு. செவிப்பறையின் நடுவில் துளையிருக்க, தடிமன் வரும்போதும் நீர் புகும்போதும் நாற்றமில்லாத சளி போன்ற திரவம் வடிவது ஒரு வகை. மற்றையது கொலஸ்டியட்டோமா எனப்படுவது. செவிப்பறையின் ஒரு பகுதி பின்னோக்கி உள்ளிழுக்கப்பட்டு உருவாகும் பையில் தோற்கலங்கள் சேர்ந்து வளர்ந்து, சுற்றியுள்ள என்பை மெல்ல மெல்ல அரித்துச் செல்லும் நிலை இதுவாகும். இது புற்றுநோய் அல்ல. ஆயினும் மூன்று சிற்றென்புகளையும் அழித்து, முகநரம்பைத் தாக்கி முகத்தை ஒருபக்கம் கோணச் செய்து, இறுதியில் மூளையுறை அழற்சியையும் மூளையில் சீழ்க்கட்டியையும் ஏற்படுத்தவல்லது.

அளவிற் குறைந்த, ஆனால் துர்நாற்றம் மிகுந்த சீழே இதன் அடையாளம். பெரும்பாலும் வலி இருப்பதில்லை. வலியில்லாமையே மக்களை ஏமாற்றுகின்றது. சொட்டு மருந்தினால் இது குணமாகாது; சத்திரசிகிச்சை ஒன்றே வழி. துர்நாற்றமுள்ள சீழ் வடியும் பிள்ளையைத் திருமணப் பருவம் வரை மறைத்து வைத்திருக்கும் பெற்றோர், அறியாமலே அப்பிள்ளையின் உயிருடன் விளையாடுகின்றனர்.

கடலும் ஆகாயமும்

கடலில் 10 மீற்றர் ஆழத்தில் அமுக்கம் மேற்பரப்பில் உள்ளதைப் போல் இரு மடங்காகின்றது. ஆயினும் ஓரிரு மீற்றர் ஆழத்திலேயே செவிப்பறை வலிக்கத் தொடங்கிவிடும். முத்துக்குளிப்புக்குப் பெயர்பெற்ற மன்னார்க் கடலிலும், வடக்குக் கரையோரமெங்கும் சங்கும் கடலட்டையும் தேடிச் சுழியோடுவோர் இவ்வலியை நன்கு அறிவர். வலியைப் பொருட்படுத்தாது மேலும் இறங்கும்போது செவிப்பறை கிழிந்து, குளிர்நீர் உட்புகுவதால் தலைசுற்றலும் திசைமயக்கமும் ஏற்படக்கூடும். நீருக்கடியில் அது உயிராபத்தாகும். மூக்கைப் பொத்தி மெதுவாக ஊதி அமுக்கத்தைச் சமப்படுத்திக்கொண்டு இறங்க வேண்டும். சமப்படாவிடின் மேலேறிவிட வேண்டும். தடிமன் உள்ள நாளில் சுழியோடுதல் அறவே ஆகாது.

விமானம் தரையிறங்கும்போது ஏற்படும் காதடைப்பும் இதே காரணத்தினாலாகும். உம்ரா, ஹஜ் பயணிகளும் தொழில் நிமித்தம் மத்திய கிழக்கிற்குச் செல்வோரும் இறங்கும் வேளையில் உறங்காது, இனிப்பொன்றைச் சுவைத்தவாறு அடிக்கடி விழுங்கிக்கொள்ளல் நன்று. கைக்குழந்தைக்கு அவ்வேளையில் பால் கொடுக்கலாம்.

செய்யத் தகாதவை

காதுக்குறும்பி அழுக்கு அல்ல. காதின் தோலைக் காக்கும் இயற்கையான பூச்சு. காதுக்குழாயின் தோல் உள்ளிருந்து வெளிநோக்கி மெதுவாக நகர்வதால் குறும்பியும் தானாகவே வெளியேறுகின்றது. பஞ்சுக்குச்சி, நெருப்புக்குச்சி, ஊசி, கோழியிறகு என்பவற்றை உட்செலுத்துவதால் குறும்பி மேலும் உள்ளே தள்ளப்படுவதோடு, ஒரு சிறு தட்டலில் செவிப்பறையும் துளைக்கப்படுகின்றது. உள்ளி போட்டுக் காய்ச்சிய எண்ணெயைக் காதில் ஊற்றும் வழக்கமும் ஆபத்தானது. செவிப்பறையில் துளையிருப்பது வீட்டிலுள்ளோருக்குத் தெரியாது; சூடும் எண்ணெயும் நேரே நடுச்செவியை அடைந்துவிடும். கைக்கடிகாரங்களிலும் விளையாட்டுப் பொருட்களிலும் உள்ள சிறு பற்றரி பிள்ளையின் காதினுள் சென்றுவிட்டால், எதனையும் ஊற்றாது உடனடியாக வைத்தியசாலைக்குக் கொண்டு செல்ல வேண்டும். சில மணித்தியாலங்களிலேயே அது இழையங்களை அரித்துவிடும்.

நோன்பு காலத்தில் காதுக்கு மருந்து விடலாமா என்ற ஐயத்தினால் சிகிச்சையை இடைநிறுத்தும் முஸ்லிம் சகோதரர்களும் உள்ளனர். தொண்டையை அடைவதை விழுங்காது தவிர்த்துக்கொண்டால் காதுச் சொட்டு மருந்து நோன்பை முறிக்காது என ஜித்தாவைத் தளமாகக் கொண்ட சர்வதேச இஸ்லாமிய பிக்ஹ் அகடமி 1997இல் தீர்மானித்தது. மனம் அமைதியடையாதோர் தமது உலமாக்களிடம் விளக்கம் பெறலாம். மருந்து வேளைகளை இப்தாருக்குப் பின்னரும் சஹருக்கு முன்னரும் அமைத்துக்கொள்ள முடியுமா என வைத்தியரிடமும் கேட்கலாம். மருந்தை நிறுத்துதல் மாத்திரம் வேண்டாம்.

தாமதிக்கக்கூடாத தருணங்கள்

எல்லாக் காதடைப்பும் குறும்பியினால் ஏற்படுவதல்ல. ஒரு காதின் கேட்டல் சில மணித்தியாலங்களிலோ 3 நாட்களுக்குள்ளோ திடீரெனக் குறைந்து, காதினுள் இரைச்சலும் கேட்குமாயின், அது செவிநரம்பின் பாதிப்பாக இருக்கலாம். வெளியிலிருந்து பார்க்கும்போது செவிப்பறை முற்றிலும் இயல்பாகவே காணப்படும். ஸ்ரீரொயிட் மருந்துச் சிகிச்சை முதல் இரண்டு வாரங்களுக்குள், அதுவும் முதல் சில நாட்களுக்குள் ஆரம்பிக்கப்படும்போதே பயனளிக்கும் வாய்ப்பு அதிகம். ஆதலால் இது மாரடைப்பைப் போன்று உயிரைப் பறிக்காவிடினும், அவசர நிலையாகவே கருதப்பட வேண்டியதாகும்.

அன்றைய தினமே வைத்தியசாலையை நாட வேண்டிய ஏனைய நிலைகளாவன: காதின் பின்புற என்பு வீங்கிச் சிவந்து காது முன்னோக்கித் தள்ளப்படுதல், காது நோயுடன் முகம் கோணுதல், கடும் தலையிடி, வாந்தி, கழுத்து விறைப்பு, மயக்கம், நிற்க முடியாத தலைசுற்றல், தலையில் அடிபட்ட பின் காதிலிருந்து குருதியோ தெளிந்த நீரோ வடிதல். இறுதியாகக் கூறப்பட்ட நிலையில் காதை அடைக்கவோ கழுவவோ கூடாது. அவசர அம்புலன்ஸ் சேவையை 1990 என்ற இலக்கத்தில் அழைக்கலாம்.

இரண்டு வாரங்களுக்கு மேல் நீடிக்கும் சீழ், 3 மாதங்களுக்கு மேல் பிள்ளையிடம் காணப்படும் கேட்டல் குறைவு, பேசும் வயது வந்தும் பேசாத குழந்தை, ஒரு காதில் மாத்திரம் தொடரும் இரைச்சல் என்பன நாட்கணக்கில் அவசரமானவை அல்ல. ஆயினும் ஒத்திவைக்கக்கூடியவையும் அல்ல. முதலில் அருகிலுள்ள அரசாங்க வைத்தியசாலையின் வெளிநோயாளர் பிரிவிற் காட்டி, அங்கிருந்து காது, மூக்கு, தொண்டை நிபுணரின் கிளினிக்கிற்குக் கடிதம் பெறலாம். அரசாங்க வைத்தியசாலைகளில் இச்சேவை கட்டணமின்றிக் கிடைக்கின்றது. பாடசாலை மருத்துவப் பரிசோதனையின்போது ஆசிரியர்கள் தமது ஐயங்களைச் சுகாதார வைத்திய அதிகாரியிடம் தயங்காது கூறுவதும் பெரும் உதவியாகும்.

பார்வை குன்றியவர் கண்ணாடி அணிவதை நாம் குறையாகக் கருதுவதில்லை. காதுக்குக் கருவி அணிவதையும், காதுநோய்க்கு வைத்தியம் செய்வதையும் அவ்வாறே ஏற்றுக்கொள்ளப் பழக வேண்டும். ஒரு பிள்ளை தாய்மொழியைக் கற்பது காதினாலேயே. தாயின் அழைப்பும் ஆசிரியரின் பாடமும் பாங்கொலியும் கோவில் மணியோசையும் அதனை அடைவது ஒரு மில்லிமீற்றரின் பத்தில் ஒரு பங்கு தடிப்புள்ள சவ்வின் ஊடாகவே. அதனைக் காப்பதற்குப் பெருஞ்செலவு எதுவும் தேவையில்லை. கையையும் குச்சியையும் காதிலிருந்து விலக்கிவைப்பதும், வைத்தியரிடம் காலந்தாழ்த்தாது செல்வதும் போதுமானவை.